படிவத்தில் ஒரு மைனர்

"என்ர கூட்டுக்குள்ள கால் வச்ச மைனா ஒண்டும் உயிரோட வெளியால போனதில்லை. இனியும் போகாது."

வென்ட்வேர்த்வில் சிறிதரன் இதைச் சொன்னது ஊர்ப்பறவைக் காப்பு அணியின் வருடாந்தக் கூட்டத்தில். முதலில் ஆங்கிலத்தில் சொன்னார். பிறகு, பின்வரிசையில் ரோல்ஸுக்காகக் காத்திருந்த நாலு தமிழருக்காகத் தமிழிலும் சொன்னார். ஒரு கையில் அந்த ஆண்டின் சிறந்த தொண்டருக்கான கண்ணாடிக் கேடயம், மறு கையில் பாதி கடித்த ஆட்டிறைச்சி ரோல்ஸ். எதைக் கீழே வைப்பது என்று தெரியாமல் இரண்டையும் உயர்த்திப் பிடித்தபடி பேசினார். முன்னூற்றுப் பதினேழு மைனாக்களைப் பிடித்து ஒப்படைத்த மனிதருக்கு அவ்வளவு உயரம் தகும்.

மைனா நமக்கு மைனா. ஆஸ்திரேலியாவுக்கு அது 'இந்தியன் மைனா'. தோட்டத்துப் பூச்சிகளைத் தின்னட்டும் என்று நூற்று அறுபது வருடங்களுக்கு முன்பு வெள்ளைக்காரர்களே மெல்பனுக்குக் கப்பலில் கொண்டுவந்து இறக்கினார்கள். இன்றைய மொழியில் சொன்னால் வேலை விசா. பூச்சியைத் தின்றதோ இல்லையோ, மைனா மரப்பொந்துகளைப் பிடித்துக்கொண்டது. ரொசெல்லா என்கிற உள்ளூர்க் கிளியின் பொந்துக்குள் புகுந்து, முட்டைகளை வெளியே தள்ளிவிட்டு, தன் வைக்கோலைப் பரப்பிக்கொண்டு உட்கார்ந்துவிடும். அப்படித் தள்ளப்பட்ட முட்டைகளைச் சிறிதரன் தன் கண்ணாலேயே பார்த்திருக்கிறார். ஆகவே அவருடைய கோபத்தில் பொய் கிடையாது.

இத்தனை தலைமுறையாக இங்கேயே பிறந்து இங்கேயே செத்தும் மைனாவின் பெயருக்கு முன்னால் இன்னும் 'இந்தியன்' நிற்கிறது. சிறிதரனோ அகதியாக வந்திறங்கி ஐந்தே வருடத்தில் குடியுரிமை பெற்றவர். இந்த வித்தியாசத்தை அவர் மிகவும் மதித்தார்.

பக்கத்து வீட்டுச் சடகோபனுக்குத்தான் இது பொறுக்கவில்லை. கும்பகோணத்துக்காரர், கம்ப்யூட்டர் வேலை.

"எங்க ஊரு மைனாவ நீங்க ஏன் சார் கொல்றீங்க?" என்று வேலிக்கு மேலாகக் கேட்டார்.

"உங்கட ஊர் மைனா எண்டபடியாத்தான்."

"ஏன், ஸ்ரீலங்கால மைனாவே கெடையாதா?"

"இருக்கு. ஆனா அதுகள் இஞ்ச வரேல்ல. நாங்கள்தான் வந்தனாங்கள்."

சடகோபன் இந்தப் பதிலை மூன்று நாள் யோசித்துவிட்டு, நான்காம் நாள் வேலியோரம் கொஞ்சம் மிக்சர் வைத்தார். மைனாக்களுக்குத்தான்.

சிறிதரன் கூட்டுக்காரராவதற்கு முன் கதவுக்காரராக இருந்தவர். பரமட்டா ரயில் நிலையத்தில் டிக்கெட் கதவருகே இருபத்தேழு வருடம் நின்றார். டிக்கெட் இல்லாதவர்கள் அவரிடம் சொன்ன கதைகளை வைத்து ஒரு நாட்டின் இலக்கியத்தையே உருவாக்கியிருக்கலாம். ஒன்றுக்கும் அவர் கதவைத் திறக்கவில்லை. ஒருமுறை அவருடைய மனைவி தாட்சாயினி டிக்கெட்டைத் தொலைத்துவிட்டு, கையில் மீன் பையோடு கதவுக்கு அப்பால் வந்து நின்றார். சிறிதரன் அவரைப் பார்த்தார், விதியைப் பார்த்தார், டிக்கெட் கொடுக்கும் யன்னலைக் கையால் காட்டினார்.

"வீட்ட வாங்கோ. சோத்துக்கு டிக்கெட் கேக்கிறன்," என்றார் தாட்சாயினி.

ஓய்வு பெற்ற பிறகு சிறிதரனுக்கு மூடி வைக்க ஒரு கதவு இல்லாமல் போயிற்று. காப்பு அணி கொடுத்த கம்பிக்கூடு அந்தக் குறையைத் தீர்த்தது. அதன் நுட்பம் எளிது. உள்ளே போகும் வழி புனல்போல அகலமாகத் தொடங்கி ஒடுங்கும். உள்ளே போன பறவைக்கு வந்த வழி தெரியாது. உள்ளறையில் ஒரு மைனாவை மட்டும் உயிரோடு வைத்து, தீனியும் தண்ணீரும் கொடுக்க வேண்டும். அது கத்தும். அதைக் கேட்டு மற்றவை வரும். அதற்கு 'அழைப்பாளி' என்று பெயர். மைனா தன் இணையை விட்டுப் பிரியாது. ஒன்று உள்ளே இருந்தால் மற்றது கட்டாயம் தேடி வரும்.

"அன்புதான் எங்கட இரை," என்று சிறிதரன் புதிய தொண்டர்களுக்கு வகுப்பெடுத்தார். அதை யாரும் கவிதை என்று நினைக்கவில்லை, அவர் உட்பட.

சனிக்கிழமைதோறும் பிடிபட்டவற்றைப் பெட்டியில் போட்டு அணியின் கூடத்துக்குக் கொண்டுபோவார். அங்கே அவற்றைக் கொல்லும் வாயு இருந்தது. பறவைக்கு நோகாது என்று சுவரில் எழுதி ஒட்டியிருந்தார்கள். எந்தப் பறவையைக் கேட்டு எழுதினார்கள் என்பது தெரியவில்லை. பிறகு வாராந்தப் படிவத்தை நிரப்ப வேண்டும். அதில் இரண்டு கட்டங்கள். ஒன்று 'மைனா, பிடிபட்டவை'. மற்றது 'மைனர், விடுவிக்கப்பட்டவை'.

இந்த மைனர் யார் என்று சொல்லியாக வேண்டும். அது நொய்சி மைனர் என்ற இன்னொரு பறவை. அதுவும் சாம்பல் நிறம், அதற்கும் கண்ணோரம் மஞ்சள், அதுவும் அடாவடிக்காரன்தான். நாலைந்தாகச் சேர்ந்துகொண்டு சிறு பறவைகளைத் தெருவைவிட்டே துரத்தும். ஆனால் உள்ளூர் அடாவடி. சட்டம் அதைப் பாதுகாக்கிறது. கூட்டில் சிக்கினால் உடனே விட்டுவிட வேண்டும்.

இதைத் தமிழ் மக்களுக்கும் விளக்கும்படி அணி கேட்டுக்கொள்ள, சிறிதரன் ஒரு துண்டுப் பிரசுரம் எழுதினார். "மைனாக்களைப் பிடிக்கலாம். மைனர் சிக்கினால் உடனே விட்டுவிட வேண்டும். இது சட்டம்." எழுத்துப் பிழை ஒன்றுகூட இல்லை. அடுத்த வாரமே பெண்டில் ஹில்லிலிருந்து ஒரு பெரியவரின் தொலைபேசி.

"தம்பி, எங்கட வளவில ஒரு மைனா சிக்கியிருக்கு. பதினெட்டு வயசாகேல்ல எண்டு எப்பிடிக் கண்டுபிடிக்கிறது?"

சடகோபனோ பிரசுரத்தைக் கையில் வைத்துக்கொண்டு, "எங்க ஊர்ல மைனர்னா சில்க் ஜிப்பா, மோதிரம், சென்ட்டு. அவனையெல்லாம் ஒரு தடவ புடிச்சா விடவே கூடாது சார்," என்றார். அணி அந்தப் பிரசுரத்தை மீளப் பெற்றுக்கொண்டது. சிறிதரன் வீட்டில் மட்டும் அறுநூறு பிரதிகள் மிஞ்சின. தாட்சாயினி அவற்றைக் குசினி இழுப்பறைகளுக்குள் விரித்தார்.

அந்த இலையுதிர் காலத்தில்தான் தாட்சாயினிக்குக் கணையத்தில் நோய் என்று கண்டுபிடித்தார்கள்.

சிகிச்சை நாட்களுக்கு இடையில் அவர் குசினி யன்னலோரம் ஒரு கதிரையைப் போட்டு உட்கார்ந்திருப்பார். யன்னலுக்கு நேரே பின்வளவு. வளவின் நடுவில் ஒரு மர அடிக்கட்டை. அதன் மேல் கூடு. கூட்டுக்குள் அழைப்பாளி. சாப்பிட முடியாதவருக்கு அந்த மைனா சாப்பிடுவதைப் பார்ப்பது ஒரு வேலையாயிற்று. தோற்றத்தை மட்டும் வைத்து மைனாவில் ஆண் எது பெண் எது என்று சொல்வது நிபுணர்களுக்கே கடினம். தாட்சாயினிக்கு அரை மணி நேரம் போதுமாயிருந்தது.

"இது பொம்பிளை," என்றார். "மற்றவர் அந்தா, உடுப்புக் கம்பியில."

கம்பியில் ஒரு மைனா இருந்தது. விடிந்ததும் வந்தது, பொழுதுபட்டால் போனது. கூட்டைச் சுற்றி நடக்கும், கம்பிக்கு வெளியே நின்று தலையை ஆட்டும், உள்ளே இருப்பது பதில் சொல்லும். ஆனால் புனலுக்குள் கால் வைக்காது. சிறிதரன் பூனை பிஸ்கட் வைத்தார், வாழைப்பழம் வைத்தார், சடகோபனிடம் மிக்சர்கூட வாங்கி வைத்தார். முன்னூற்றுப் பதினேழு பேர் அன்பினால் ஏமாந்த அதே வாசலில் இது ஒன்று மட்டும் அன்பையும் வைத்துக்கொண்டு அறிவையும் வைத்துக்கொண்டு நின்றது. சிறிதரன் அதைத் தனிப்பட்ட அவமானமாக எடுத்துக்கொண்டார்.

"இஞ்சருங்கோ, மைனர் வந்திட்டார்," என்று தாட்சாயினி காலையில் கூப்பிடுவார்.

"அது மைனர் இல்லை. மைனா."

"காலில மஞ்சள் சப்பாத்து. கண்ணுக்கு மஞ்சள் பூச்சு. வேலியில ஏறி நிண்டு பொம்பிளை பாக்கிறார். இவர் மைனர் இல்லாட்டி வேற ஆர் மைனர்?"

"தாட்சா, அது வேற இனம்."

"உங்கட பிரசுரத்தில என்ன எழுதியிருக்கு? மைனர் எண்டா உடன விடவேணும். சட்டம்."

"அது இன்னும் பிடிபடவே இல்லை. என்னத்தை விடுறது?"

"அப்ப அவளை விடுங்கோ. மைனரின்ர மனிசியும் மைனர்தானே."

சிறிதரன் கதிரையை இழுத்துப்போட்டு உட்கார்ந்து, சுற்றுச்சூழல் அறத்தை ஆதியிலிருந்து விளக்கினார். வந்த உயிர் வேறு, இருந்த உயிர் வேறு. ஒரு உயிரைப் பாவம் பார்த்து விட்டால் ஒரு இனமே போய்விடும். பொந்து பறிபோனால் ரொசெல்லா எங்கே முட்டையிடும்? தாட்சாயினி கேட்டுக்கொண்டிருந்தார்.

"அந்தப் பொந்து எந்த மரத்தில இருந்தது?" என்றார்.

சிறிதரன் யன்னலால் அடிக்கட்டையைப் பார்த்தார். கூடு வைத்திருந்த அந்த அடிக்கட்டை ஒரு காலத்தில் பெரிய யூகலிப்டஸ் மரம். அதன் நடுக்கிளையில் ஒரு பொந்து இருந்தது. அதில் வருடாவருடம் ரொசெல்லாக்கள் இருந்தன. இலைகள் விழுந்து கூரைப் பீலியை அடைத்தன. இரண்டாயிரத்து ஆறாம் ஆண்டு சிறிதரன் கவுன்சிலுக்கு முறைப்படி விண்ணப்பித்து, முறைப்படி அனுமதி பெற்று, முறைப்படி அதை வெட்டினார். அடிக்கட்டையை மட்டும் விட்டு வைத்ததற்குக் காரணம், உயரம் வசதியாக இருந்தது.

"மரத்தை வெட்டினது மைனாவோ?"

"கவுன்சில் அனுமதி இருந்தது."

"மைனா அனுமதி எடுக்கேல்ல. அதுதான் அது செய்த பிழை."

சிறிதரன் எழுந்துபோய் அணியின் கையேட்டைத் தேடி எடுத்தார்.

ஆகஸ்டில் நோய் விரைந்தது. மருத்துவர் "வாரங்கள்" என்றார். அந்தச் சொல்லைக் கேட்டதும் சிறிதரன், மருத்துவர் எத்தனை என்று சொல்லவில்லை என்பதைக் கெட்டியாகப் பிடித்துக்கொண்டார். பரமட்டாவுக்குப் பக்கத்துப் பெரிய ஆஸ்பத்திரியில் கட்டில் கிடைத்த நாளன்று தாட்சாயினி பையை அடுக்கி வைத்துவிட்டு, யன்னலருகே நின்றார்.

"நான் போக முதல் அவளைத் திறந்து விடுங்கோ. ரெண்டும் சேந்து போறதை ஒருக்காப் பாத்திட்டுப் போறன்."

அது அவர் கேட்ட கடைசி விஷயம். சேலை கேட்கவில்லை, கோயிலுக்குப் போக வேண்டும் என்று கேட்கவில்லை. சிறிதரனுக்கு அது விளங்கியது. விளங்கியதால்தான் அவரால் கூட்டருகே போக முடியவில்லை. அந்தக் கதவைத் திறந்தால், தாட்சாயினி திரும்பி வரமாட்டார் என்று தானும் ஒத்துக்கொண்டதாகிவிடும்.

"திரும்பி வந்த பிறகு பாப்பம்," என்றார்.

தாட்சாயினி யன்னலைத் திறந்து கூட்டைப் பார்த்து, "போட்டு வாறன் பிள்ளை," என்று விடைபெற்றார்.

அடுத்த சனிக்கிழமை நடந்ததைச் சிறிதரன் யோசித்துச் செய்யவில்லை. அணியிலிருந்து தொலைபேசி வந்தது. அழைப்பாளியை இரண்டு வாரத்துக்கு மேல் கூட்டில் வைத்திருக்கக் கூடாது, அது பறவைக்குக் கொடுமை என்பது விதி. தாட்சாயினி பார்த்துக்கொண்டிருந்ததால் மாற்றாமல் விட்ட சிறிதரனின் பறவையோ ஆறாவது வாரத்தில் இருந்தது. கருணையின் பேரில் அதை உடனே கொண்டுவரச் சொன்னார்கள். அவருடைய கைகள் இருபத்தேழு வருடம் விதி சொன்னதைச் செய்து பழகியவை. அவை கூட்டைத் திறந்தன, பறவையைப் பிடித்தன, பெட்டியில் போட்டன. மைனாக்கள் எல்லாம் ஒரே மாதிரித்தானே, இன்னொன்றைப் பிடித்துப் போட்டால் தாட்சாவுக்குத் தெரியவா போகிறது என்று காருக்குள் ஒருமுறை நினைத்தார். கூடத்தில் கையெழுத்து வைத்துவிட்டு, அந்த வழியாலேயே ஆஸ்பத்திரிக்குப் போனார்.

தாட்சாயினி கண்ணைத் திறந்தார்.

"அவள் சாப்பிடுறாளோ?"

"ஓம்," என்றார் சிறிதரன். "சாப்பிடுறாள்."

"அவர்?"

"கம்பியில இருக்கிறார்."

இதில் இரண்டாவது உண்மை. காலையில் அவர் புறப்படும்போது அது கம்பியில்தான் இருந்தது. பெட்டியைக் காருக்குள் வைக்கும்வரை பார்த்துக்கொண்டிருந்தது.

"அப்ப நீங்கள் இன்னும் விடேல்ல."

"இல்லை."

"சரி. கவலைப்படாதேங்கோ. நான் வரேக்க விடுவம்," என்றார் தாட்சாயினி. யார் யாருக்கு ஆறுதல் சொல்ல வேண்டும் என்ற ஒழுங்கு அந்த வீட்டில் எப்போதும் தலைகீழ்தான்.

செவ்வாய்க்கிழமை விடிய அவர் போய்விட்டார்.

மகள் தர்சினி மெல்பனின் கிரெய்கிபர்னிலிருந்து வந்து எல்லாவற்றையும் ஒழுங்கு செய்தார். கிரியை செய்த ஐயர், உயிர் கூட்டை விட்டுப் போன கதையைச் சொன்னார். தமிழில் பறவை கட்டுவதும் கூடு, பறவைக்கு மனிதன் கட்டுவதும் கூடு, இந்த உடம்பும் கூடு. வேறு சொல் தேட நேரமில்லாமல் நம் முன்னோருக்கு என்ன அவசரமோ. அந்தச் சொல்லைக் கேட்டதும் சிறிதரன் தலை நிமிர்ந்து ஐயரைப் பார்த்தார். ஐயர் தன் உச்சரிப்பில் ஏதோ பிழை என்று நினைத்து மறுபடியும் சொன்னார்.

உறவினர் வந்து போனார்கள். பின்வளவில் கூடு காலியாக இருந்தது. கம்பியில் அந்த மைனா இருந்தது. இப்போது கத்தவில்லை. காலையில் வந்து கூட்டைச் சுற்றி ஒரு தடவை நடக்கும், உள்ளறைப் பக்கமாகத் தலையைச் சாய்த்துப் பார்க்கும், திரும்பிக் கம்பிக்குப் போய்விடும். சிறிதரன் குசினிக்குள் வந்து தாட்சாயினியின் கதிரையில் உட்கார்ந்து அதைப் பார்ப்பார்.

"அப்பா, மெல்பனுக்கு வாங்கோ. ப்ளீஸ்," என்றார் தர்சினி.

"வாறன். அது போகட்டும்."

"எது?"

அவர் யன்னலுக்கு வெளியே உடுப்புக் கம்பியைப் பார்த்தார்.

முப்பத்தோராம் நாள். படைத்த சோற்றைக் காகத்துக்கு வைக்க வேண்டும். வளவில் உயரமாகவும் தட்டையாகவும் இருந்த ஒரே இடம் கூட்டின் மேல்புறம்தான். வாழையிலையில் சோறு, பருப்பு, தாட்சாயினிக்குப் பிடித்த கத்தரிக்காய்ப் பொரியல். சிறிதரன் வைத்துவிட்டுக் கைதட்டிக் கூப்பிட்டார். ஆஸ்திரேலியக் காகத்துக்குக் கண் வெள்ளை, சோறு பழக்கமில்லை. தூரத்து மின்கம்பத்தில் ஒன்று இருந்தது. பார்த்தது, ஒரு சத்தம் போட்டது, பறந்துவிட்டது.

வேலிக்கு அப்பால் சடகோபன் நின்றார். வேலைக்கு விடுமுறை போட்டிருந்தார்.

"காக்கா வரலையா சார்?"

"வரேல்ல."

"வரும் சார். அக்கா கோவமா இருக்க மாட்டாங்க."

சிறிதரன் வாழையிலையை நேராக்கி வைத்தார். அக்கா கோபமாக இருக்க என்ன காரணம் என்று அந்தத் தெருவில் அவர் ஒருவருக்குத்தான் தெரியும்.

கம்பியிலிருந்து மைனா இறங்கியது. கூட்டின் மேல் நடந்து வந்து, இலையின் ஓரத்தில் நின்று, ஒரு பருக்கை எடுத்தது. இன்னொன்று எடுத்தது. சடகோபன் சத்தமில்லாமல் தன் வீட்டுக்குள் போய்விட்டார்.

மைனா கொத்தியதில் சில பருக்கைகள் கம்பி இடுக்கால் கூட்டுக்குள் விழுந்தன. அது அவற்றைக் குனிந்து பார்த்தது. கீழே இறங்கியது. புனல் வாசலில் நின்றது. ஆறு வாரம் பிஸ்கட்டுக்கும் பழத்துக்கும் மிக்சருக்கும் அசையாத பறவை, இரையும் அழைப்பாளியும் இல்லாத கூட்டுக்குள் தானாக நடந்து போயிற்று. சோற்றுக்காகப் போனதா, அவளைத் தேடிப் போனதா என்று கேட்கப் படிவத்தில் இடமில்லை. உள்ளறைக்குப் போய், தண்ணீர்க் கிண்ணம் வைத்திருந்த மூலையில் நின்று, ஒருமுறை கூப்பிட்டது.

சிறிதரன் அடிக்கட்டையருகே போனார். அவளையும் சேர்த்தால் அது முன்னூற்றுப் பத்தொன்பதாவது. சபதம் முழுமையாக அவர் கைக்குள் இருந்தது. அவர் இலையை எடுத்துப் புல்லில் வைத்தார். மேல்மூடியின் கொக்கியைக் கழற்றி, மூடியை முழுவதுமாகத் திறந்து மடித்தார்.

மைனா போகவில்லை. அவரைப் பார்த்தபடி இருந்தது. அவர் இரண்டடி பின்னால் வைத்தார். பிறகும் போகவில்லை.

"அவள் இல்லை," என்றார் சிறிதரன். "நான்தான் கொண்டுபோனனான்."

பிறகு மைனா கூட்டின் விளிம்புக்குத் தாவி ஏறியது. 'போ' என்று சொல்ல வாயெடுத்தவருக்கு அந்தச் சொல் வரவில்லை. அவர்கள் வீட்டில் யாரையும் அப்படி அனுப்பியதில்லை.

"போட்டு வா," என்றார்.

அது வேலியைத் தாண்டி, சடகோபன் வீட்டுக் கூரையையும் தாண்டிப் போயிற்று.

அவர் உள்ளே வந்து, குசினி மேசையில் இருந்த வாராந்தப் படிவத்தை எடுத்தார். கண்ணாடியைப் போட்டுக்கொண்டார். 'மைனா, பிடிபட்டவை' என்ற கட்டத்தில் பூச்சியம் போட்டார். பக்கத்துக் கட்டத்துக்கு மேல் பேனா சிறிது நேரம் நின்றது. பிறகு, எப்போதும் போல அழகான கையெழுத்தில், எழுதினார்: மைனர், ஒன்று. விடுவிக்கப்பட்டது.